மடியில் பிள்ளை, முன்னால் வளைவு

மாத்தளையிலிருந்து அலவத்துகொடைக்கு வேனில் வருகிறீர்கள். முன் ஆசனத்தில் நீங்கள், மடியில் 20 கிலோ பிள்ளை. "நான்தானே இறுக்கிப் பிடித்திருக்கிறேன்" என்ற தைரியம் எல்லா உம்மாமாருக்கும் உண்டு. அந்தப் பிடிக்கு எவ்வளவு பலம் வேண்டும்? ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பார்ப்போம், சகோதரிகளே. சாதாரண தரம் படிக்கும் மகள் இருந்தால் அவளையும் கூப்பிட்டுக்கொள்ளுங்கள்.

வேகம் மணிக்கு 36 கிலோமீற்றர் என்றால் செக்கனுக்கு 10 மீற்றர். பத்தைப் பத்தால் பெருக்கினால் 100. அதைப் பிள்ளையின் 20 கிலோவால் பெருக்கிப் பாதியாக்கினால் 1000. இதுவே பிள்ளையின் இயக்கசக்தி, 1000 யூல். நிற்கும்போது இது முழுவதும் தீர்ந்தாக வேண்டும். எத்தனை மீற்றருக்குள் நிற்கிறதோ, அதனால் 1000ஐ வகுத்தால் நிறுத்தும் விசை நியூட்டனில் வந்துவிடும்.

சாரதி பிறேக் பிடித்து 20 மீற்றரில் நிறுத்தினால் 50 நியூட்டன். ஐந்து கிலோ அரிசிப் பையைத் தூக்கும் பலம். உங்கள் கை தாங்கும். வேன் மதகில் மோதி அரை மீற்றருக்குள் நின்றால்? 2000 நியூட்டன். 50 கிலோ மூடைகள் நான்கை ஒரே நேரத்தில் தூக்குவது போல. பெற்ற பாசம் எவ்வளவு இருந்தாலும் எந்தக் கைக்கும் இது முடியாது. வேகமும் பிள்ளையும் அதேதான். நிற்பதற்குக் கிடைத்த தூரம்தான் குறைந்தது.

வேகம் இரட்டித்தாலோ விசை நான்கு மடங்கு. அதே பிறேக்குக்கு 20 மீற்றர் போதாது, 80 வேண்டும். பலகடுவை இறக்கத்தில் இன்னும் மோசம். 20 மீற்றருக்கு ஒரு மீற்றர் இறங்கும் பாதையில், இரண்டு தொன் வேனை அதன் பாரமே சுமார் 1000 நியூட்டனால் கீழே தள்ளும். 80 மீற்றர் 100 ஆகிவிடும். தீரும் சக்தியெல்லாம் பிறேக்கில் சூடாகிறது. சூடேறிய பிறேக் சரியாகப் பிடிக்காது. அதனால்தான் நல்ல சாரதி கியரைக் குறைத்து இறங்குகிறார். எண்ணெய் மிச்சம் பிடிக்க நியூற்றலில் விடுபவரிடம் வாய் திறந்து சொல்லுங்கள், வெட்கப்பட வேண்டியதில்லை.

முன் ஆசனப் பட்டி 2011 முதல் நம் நாட்டில் கட்டாயம். சிலர் அதே பட்டிக்குள் பிள்ளையையும் சேர்த்துக் கட்டிக்கொள்கிறார்கள். வேண்டாம். மோதினால் 60 கிலோ உம்மாவை நிறுத்த 6000 நியூட்டன் தேவை. பட்டிக்கும் உங்களுக்கும் நடுவில் அப்போது நசுங்குவது பிள்ளைதான். பின் ஆசனத்தில், தனக்குரிய இருக்கையில், தனிப் பட்டியோடு இருக்கட்டும்.