பேர் வந்தால்தான் எழுத்தா?

என்னைக் கண்டதும் நீங்கள் கேட்பது ஒரே கேள்விதான்: "என்ன கவிஞரே, சினிமாவுக்கு எப்போ பாட்டு எழுதப் போற?" சிரித்துக்கொண்டே நழுவிவிடுவேன். பதில் தெரியாத சிரிப்பு அது.

இன்பிளான்ட் டிரெயினிங்குக்காகக் கும்மிடிப்பூண்டி சிப்காட்டுக்குப் போய்வந்த நாட்களில் லோக்கல் ரயிலில் 'வாடிவாசல்' படித்தேன். போகும்போது பாதி, வரும்போது மீதி. சின்னப் புத்தகம்தான். பொன்னேரியில் இறங்க மறந்து மீஞ்சூர் வரை போய்விட்டேன்!

எழுதியவர் வத்தலக்குண்டு சி.சு. செல்லப்பா. 1959-ல் திருவல்லிக்கேணியிலிருந்து 'எழுத்து' என்ற சிற்றிதழைத் தொடங்கி, 1970 வரை 119 இதழ்கள் கொண்டுவந்தவர். நாம் ரெக்கார்டு நோட்டின் கடைசிப் பக்கத்தில் புதுக்கவிதை கிறுக்குகிறோமே, அந்தப் புதுக்கவிதைக்கு இடம் கொடுத்து வளர்த்த பத்திரிகை அது. பெரியவர் ந. பிச்சமூர்த்தி எழுதினார்; திருகோணமலையிலிருந்து தருமு சிவராமு எழுதியபோது அவருக்கு இருபது வயசு சொச்சம்தான். நம்ம செட்டு!

தான் போட்ட புத்தகங்களைச் செல்லப்பா தானே சுமந்துகொண்டு கல்லூரி கல்லூரியாகப் போய் விற்றார். நம் கேட் வாசலில் வந்து நின்றிருந்தால் என்ன செய்திருப்போம்? கேன்டீன் பக்கம் ஒதுங்கியிருப்போம், நான் உட்பட.

'மனநிறைவோடு வாழ்ந்தார்' என்று எழுதிவிட்டுப் போவது சுலபம். வீட்டில் உலை வைத்தவர்களைக் கேட்டால் வேறு மாதிரி சொல்லியிருப்பார்கள். மனுஷர் பிடிவாதக்காரர். ஆனால் பேருக்காகக் காத்துக் கிடக்கவில்லை. எண்பது தாண்டிய வயதில், 1997-ல் 'சுதந்திர தாகம்' நாவலை மூன்று பாகமாகத் தானே வெளியிட்டார். 1998-ல் காலமானார். அதற்குச் சாகித்ய அகாதமி பரிசு வந்தது 2001-ல்!

ஃபிட்டிங் ஷாப்பில் அரம் போட்டுப் போட்டு, டிரை ஸ்கொயரை வைத்துப் பார்க்கும்போது இடுக்கில் வெளிச்சம் தெரியாமல் பொருந்தினால் ஒரு குஷி வருமே? சார் மார்க் போடுவதற்கு முன்னாலேயே வந்துவிடும். செல்லப்பாவை நடக்க வைத்தது அந்த மாதிரி ஒன்றுதான் என்று நினைக்கிறேன்.

எனக்கு அவர் தைரியம் கிடையாது. தங்கை பிளஸ் டூ. டிப்ளமோ முடிந்ததும் ஏதாவது ஒரு கம்பெனியில் டிரெயினியாகச் சேர்ந்தே ஆகணும். லோக்கலில் உட்கார இடம் கிடைத்தால் எழுதுவேன், கிடைக்காவிட்டால் நின்றுகொண்டு யோசிப்பேன். கதை ஒன்று பாதியில் நிற்கிறது. முடித்ததும் கொண்டுவந்து தருகிறேன். யாரும் கேன்டீன் பக்கம் ஒதுங்கிவிடாதீர்கள்!