துணுக்குத் தோரணம் என்னும் பழி: கிரேஸி மோகனை முன்வைத்துச் சில எதிர்வாதங்கள்

தமிழில் சபா நாடகங்களைப் பற்றிப் பேச்செடுத்தால் ஒரு தீர்ப்பு எப்போதும் ஆயத்தமாக இருக்கிறது: ‘துணுக்குத் தோரணம்’. இரண்டே சொற்கள், மோனையும் பொருந்திவிட்டது. ஆகவே பல்லாண்டுகளாக எவரும் அதை மறு ஆய்வு செய்யவில்லை. தீர்ப்பை வழங்குவோரில் எத்தனை பேர் ஒரு நாடகத்தையாவது முதற்காட்சி தொடங்கி இறுதிக்காட்சி வரை அமர்ந்து பார்த்தார்கள் என்று நாம் கேட்கப் போவதில்லை. கேட்டால் விவாதம் அங்கேயே முடிந்துவிடும்.

கிரேஸி மோகன் இந்தத் தீர்ப்பின் முதன்மைக் குற்றவாளி. 2019 ஜூன் 10 அன்று அவர் மறைந்தபோது இரங்கல்கள் குவிந்தன. ஆனால் அவற்றுள் பெரும்பாலானவை அவருடைய நகைச்சுவை வரிகளின் பட்டியல்களாகவே இருந்தன. இகழ்ந்தவர்கள் அவர் துணுக்கு எழுதினார் என்றார்கள்; புகழ்ந்தவர்கள் அந்தத் துணுக்குகளையே எடுத்துப் பரிமாறிக்கொண்டார்கள். இரு தரப்பாருக்கும் நாடகம் என்ற ஒன்று கண்ணில் படவே இல்லை. நாம் சொல்ல வருவது இதுதான்: மோகன் ஒரு நாடகாசிரியர். நாடகாசிரியராக வைத்தே அவரை அளக்க வேண்டும். குறை சொல்வதாக இருந்தாலும் அந்த அளவுகோலைக் கொண்டே சொல்ல வேண்டும்.

முதலில் வரலாற்றைச் சுருக்கமாக நினைவுகூர்வோம். 1952இல் பிறந்த மோகன் ரங்காச்சாரி, கிண்டிப் பொறியியல் கல்லூரியில் இயந்திரப் பொறியியல் படித்தவர். 1972இல் கல்லூரிகளுக்கு இடையிலான போட்டிக்காக ஒரு குறுநாடகம் எழுதி நடித்துப் பரிசு பெற்றார். 1976இல் எஸ்.வி.சேகரின் நாடகப்பிரியா குழுவுக்காக எழுதிய ‘கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ அவருக்குப் பெயரின் முன்பாதியைத் தந்தது. 1979இல் ‘கிரேஸி கிரியேஷன்ஸ்’ பிறந்தது. தம்பி பாலாஜி மாதுவானார். நாடகத்துக்கு நாடகம் கதை மாறினாலும் நாயகன் பெயர் மாது, நாயகி பெயர் ஜானகி என்பது நியதியாயிற்று. 1983இல் ‘மேரேஜ் மேட் இன் சலூன்’ நாடகத்தை கே.பாலசந்தர் ‘பொய்க்கால் குதிரை’ என்று படமாக்கினார். பின்னர் கமல்ஹாசனோடு ‘அபூர்வ சகோதரர்கள்’ (1989) தொடங்கி ‘வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.’ (2004) வரை நீண்ட கூட்டணி. இடையே தொலைக்காட்சி நாடகங்களும் தொடர்களும். திரையில் இத்தனை புகழ் வந்த பிறகும் அவர் மேடையை விடவில்லை. நூற்றுக்கணக்கான முறை மேடையேறிய ‘சாக்லேட் கிருஷ்ணா’வில் கிருஷ்ணனாகவே வந்து நின்றார். படவுலகம் அழைத்தவுடன் மேடையை ஏணியாக்கி உதைத்துவிட்டுப் போனவர்களின் பட்டியல் நம்மிடம் நீளமாக இருக்கிறது. அதில் மோகன் பெயர் இல்லை.

1977இல் கூத்துப்பட்டறை, 1978இல் பரீக்‌ஷா, 1979இல் கிரேஸி கிரியேஷன்ஸ். ஒரே சென்னையில், அடுத்தடுத்த ஆண்டுகளில் பிறந்த மூன்று குழுக்கள். முதலிரண்டைப் பற்றி நம் சிற்றிதழ்கள் தீவிரமாக எழுதின. எழுதியது மிகச் சரி. மூன்றாவதைப் பற்றி எழுதத் தேவையில்லை என்று முடிவுகட்டியதுதான் பிழை. நவீன நாடகக்காரர்களின் மனக்குறை நமக்குப் புரியாமல் இல்லை. அரங்கும் பார்வையாளரும் சபாக்களிடம் இருந்த காலத்தில், காலி நாற்காலிகளின் முன் புதிய நாடகமொழி ஒன்றைத் தேடியவர்கள் அவர்கள். ஆனால் எதிராளியின் கூட்டம் நம் எரிச்சலுக்குக் காரணமாகலாமே தவிர, விமரிசனத்துக்கு ஆதாரமாகாது.

சபா நாடகம் எந்தச் சூழலில் இயங்கியது என்பதை மறந்துவிட்டு அதன் வடிவத்தைப் பேச முடியாது. நடிகர்களில் பலர் பகலில் வங்கியிலோ அலுவலகத்திலோ வேலை பார்த்தவர்கள். மோகனே சில ஆண்டுகள் சுந்தரம் கிளேட்டனில் பணியாற்றியவர். மாலையில் கிடைக்கும் நேரத்தில் ஒத்திகை. இன்று ஒரு சபா, நாளை வேறொரு சபா. எனவே வண்டியில் ஏற்றி இறக்கக்கூடிய ஒரு வரவேற்பறை, ஒரு சோபா, இரண்டு கதவுகள், ஒரு தொலைபேசி. ஏறத்தாழ இரண்டு மணி நேரத்துக்குள் எல்லாம் முடிந்தாக வேண்டும். பார்வையாளர் கடைசிப் பேருந்தைப் பிடிக்க வேண்டும். இந்த நெருக்கடிக்குள் காட்சியால் செய்ய முடியாததைச் சொல்லால் செய்தாக வேண்டியிருந்தது. மோகனின் நாடகங்களில் சொல் அத்தனை வேகமாக ஓடுவதற்கு இது முதற்காரணம். குறைந்த பொருளைக் கொண்டு ஓர் உலகத்தைக் கட்டும் வித்தையை வேறெந்தக் கலையில் கண்டாலும் ‘சிக்கனம்’ என்று பாராட்டும் நாம், இங்கே மட்டும் ‘வெறும் பேச்சு’ என்கிறோம்.

அந்தப் பேச்சின் இயல்பைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். எட்டு மெய்ப்பாடுகளை வரிசைப்படுத்திய தொல்காப்பியர் நகையைத்தான் முதலில் வைத்தார். நகை பிறக்கும் நான்கு நிலைக்களன்களில் பேதைமை ஒன்று, மடன் மற்றொன்று. இரண்டும் ஒன்றுதானே என்று தோன்றலாம். அன்று. பேதைமை அறியாமை, மடன் என்பது சொன்னதை ஆராயாமல் அப்படியே மெய்யென்று கொள்ளுதல் என்று உரைகாரர் வேறுபடுத்துவர். இந்த வேறுபாட்டைக் கையில் வைத்துக்கொண்டு நம் நகைச்சுவை மரபைப் பார்த்தால் ஒரு கோடு தெளிவாகத் துலங்குகிறது. பம்மல் சம்பந்த முதலியாரின் ‘சபாபதி’யில் வேலைக்காரன் எசமானனின் ஒவ்வொரு சொல்லையும் சொல்லளவில் நிறைவேற்றி அவனைப் பைத்தியமாக்குகிறான்; அது மடன். தேவனின் துப்பறியும் சாம்பு எதுவுமே அறியாமல் உளறி, அந்த உளறலாலேயே வழக்கைத் துலக்கிவிடுகிறான், அது பேதைமை. மோகன் மடனின் வாரிசு. அவருடைய பாத்திரங்கள் மூடர்கள் அல்லர். எதிரில் இருப்பவர் உதிர்த்த சொல்லின் இன்னொரு பொருளைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, அதன் வழியே முற்றிலும் தர்க்க ஒழுங்கோடு நடந்து, படுகுழியில் விழுபவர்கள். சிலேடையைக் காளமேகத்திடம் கண்டால் மெய்ம்மறக்கும் தமிழ்ப் புலமை, அதே சிலேடை ஒரு வரவேற்பறையில் சோபாவின் மீது உட்கார்ந்திருந்தால் முகம் சுளிப்பது ஏன் என்பதற்கு இதுவரை நியாயமான விடை கிடைக்கவில்லை. மோகன் வெண்பா எழுதியவர், ஆயிரக்கணக்கில் எழுதியவர் என்பதையும் இங்கே நினைவூட்ட விரும்புகிறோம். அசையும் சீரும் அறிந்த காது அது. ஒரு சொல் எந்த இடத்தில் பிளக்கும் என்பது அந்தக் காதுக்குத் தெரியும்.

‘சொல் விளையாட்டு இருக்கட்டும், கட்டமைப்பு எங்கே?’ என்பது அடுத்த கேள்வி. விடை: பொய்யில் இருக்கிறது. மோகன் பங்குகொண்ட சிறந்த ஆக்கங்கள் ஒரு பொய்யை அச்சாணியாகக் கொண்டு சுழல்பவை. பலரும் அறிந்த ‘அவ்வை சண்முகி’யை (1996) எடுத்துக்கொள்வோம். ஆங்கிலப் படமொன்றின் கருவைத் தழுவியது என்பது தெரிந்ததே. ஆனால் தமிழில் அது என்னவாயிற்று? மகளைப் பிரிந்த தந்தை மாமியாக வேடமிட்டு வீட்டில் நுழைகிறான்; அது முதற்பொய். அதே வீட்டுக்குச் சமையல் வேலைக்கு வரும் பாஷா தன் மதத்தை மறைத்து, பேச்சு காட்டிக்கொடுத்துவிடக் கூடாதே என்று ஊமையாக நடிக்கிறான், அது இரண்டாவது. இப்படி ஒரே கூரையின் கீழ் ஆளுக்கொரு மறைவு. ஒரு பொய்யைக் காப்பாற்றச் சொன்ன சொல் இன்னொரு பொய்யின் காலை வாருகிறது. அங்கே வரும் ஒவ்வொரு நகைச்சுவை வரியும் அந்தக் கோபுரம் சரியாமல் நிற்க அவசரமாக முட்டுக்கொடுக்கும் கட்டை. தோரணத்தில் ஓர் இலையை உருவினால் தோரணம் தோரணமாகவே இருக்கும். இங்கே ஒரு முட்டை உருவினால் கட்டடம் விழும்.

பாத்திரங்கள் அனைவரும் மோகன் குரலிலேயே பேசுகிறார்கள் என்பது இன்னொரு பழி. ‘மைக்கேல் மதன காமராஜ’னில் (1990) நால்வருக்கும் முகம் ஒன்று, தமிழ் ஒன்றா? பாலக்காட்டுச் சமையற்காரன் காமேஸ்வரனின் வாயிலிருந்து தீயணைப்பு வீரன் ராஜுவின் வசனம் வருமா? திருமண விருந்தின் சாம்பாரில் மீன் விழும் அந்தப் புகழ்பெற்ற காட்சியில் சிரிப்பு, மீனால் மட்டும் வருவதன்று. மீன் என்ற சொல்லை உச்சரிக்கவே முடியாத ஒரு கூட்டம் அதைச் சுற்றிவளைத்துப் பேசவேண்டி வருவதால் வருவது. அந்த வட்டார வழக்கை மாற்றிவிட்டால் காட்சி இல்லை. ‘சதிலீலாவதி’யில் (1995) கொங்குத் தமிழ், ‘தெனாலி’யில் (2000) ஈழத் தமிழ். இவற்றில் கமல்ஹாசனின் பங்கும் இயக்குநர்களின் பங்கும் பெரிது, மறுப்பதற்கில்லை. ஆனால் பாராட்டு வரும்போது அதை நடிகருக்கும், பழி வரும்போது அதை எழுதியவருக்கும் பங்கிடுவது என்ன கணக்கு?

அப்படியானால் இந்தத் துணுக்கு என்னும் பிம்பம் எங்கிருந்து வந்தது? நமது துணிபு: அது மேடையில் பிறக்கவில்லை, பெருமளவில் தொலைக்காட்சி பிறப்பித்தது. மேடையில் நடிகர் அரங்கின் சிரிப்பைக் கேட்டு அடுத்த வரியை எடுக்கிறார். சிரிப்பு அடங்கக் காத்திருப்பதா, அதன் மீதே அடுத்ததை வீசுவதா என்பதை ஒவ்வோர் இரவும் அந்த அரங்கே முடிவு செய்கிறது. ஒளிப்பதிவுக் கருவிக்குச் சிரிக்கத் தெரியாது. மேடையில் அலையாக இருந்தது சின்னத்திரையில் மூச்சிரைப்பாகத் தெரிந்தது. அடுத்து, வாராவாரம் அரைமணி நேரம் என்ற தொடர் வடிவம். பொய் முளைத்துக் கிளைவிட்டுக் காய்க்க இரண்டு மணி நேரம் வேண்டும். அரைமணியில், விளம்பரம் போக எஞ்சிய நிமிடங்களில், அது முளைக்கும்போதே பறித்தாக வேண்டியிருந்தது. முட்டுகள் இருந்தன, கட்டடம் இல்லை. தொலைக்காட்சி மோகனை எட்டாத ஊர்களுக்கெல்லாம் கொண்டுசேர்த்தது உண்மை. சேர்த்தபோது பாதியைத்தான் சேர்த்தது என்பதும் உண்மை. பின்னர் வந்த இரண்டு நிமிடக் காணொளித் துண்டுகள் அந்தப் பாதியையும் பொடியாக்கின. இன்றைய இளைஞர் ஒருவர் அறிந்த மோகன் இந்தப் பொடிதான். அதைச் சுவைத்துவிட்டு ‘துணுக்குதானே’ என்று அவர் சொன்னால் அவரை நொந்துகொள்ள முடியாது. நாடகத்தைப் பார்க்க வாய்ப்பிருந்தும் அதையே சொன்ன நம் முந்தைய தலைமுறை விமரிசகர்களை நொந்துகொள்ளலாம்.

இதனால் மோகன் குறைகளற்றவர் என்று நாம் சாதிக்க வரவில்லை. அவருடைய மேடை உலகம் குறுகியது. பெரும்பாலும் சென்னை நடுத்தர வர்க்கத்து வீட்டு வாசலோடு நின்றுவிடுவது. சோ 1968இலேயே ‘முகம்மது பின் துக்ளக்’கைக் கொண்டு அதிகாரத்தை நேருக்கு நேர் நக்கலடித்த அதே மேடையில், மோகன் அரசியல் பக்கம் தலைவைத்தும் படுக்கவில்லை. எவரையும் புண்படுத்தாத நகைச்சுவை என்று இதை அவருடைய அன்பர்கள் மெச்சுவார்கள். எவரும் புண்படாத நகைச்சுவைக்கு எட்டாத உயரங்கள் உண்டு என்பது நம் கட்சி. அதைவிடப் பெரிய குறை ஜானகி. பெயர் நிலைத்தது, பாத்திரம் வளரவில்லை. ஆண்கள் பொய் சொல்கிறார்கள். ஜானகியிடமிருந்து மறைப்பதற்காகவே சொல்கிறார்கள். நாடகம் முழுவதும் ஏமாற்றப்படுவதுதான் அவள் வேலை. அவளே ஒரு பொய்யைத் தொடங்கி வைத்திருந்தால் மோகனின் நாடகம் எங்கே போயிருக்கும் என்று எண்ணிப் பார்க்கிறோம். இவ்வகைக் கேள்விகளை எழுப்புவதுதான் விமரிசனம். ‘துணுக்கு’ என்று ஒரு சொல்லை எறிந்துவிட்டு நகர்ந்தவர்கள் இந்தக் கேள்வி வரை வந்ததே இல்லை.

வுட்ஹவுஸைப் படிப்பவர் என்று சொல்லிக்கொள்வதில் நமக்கு ஒரு பெருமிதம் இருக்கிறது. அவர் கதைகளில் அரசியல் எங்கே, உலகப்போர் எங்கே என்று எவரும் கேட்பதில்லை. வாக்கியத்தின் அழகைத்தான் பேசுகிறோம். இங்கிலாந்து மாளிகையில் நடக்கும் ஆள்மாறாட்டம் இலக்கியமாகவும், மயிலாப்பூர் வீட்டில் நடக்கும் ஆள்மாறாட்டம் பொழுதுபோக்காகவும் தெரிவதற்குக் காரணம் நம் ரசனையா, தாழ்வு மனப்பான்மையா?

கடைசியாக, மோகனின் அன்பர்களிடமும் ஒரு சண்டை இருக்கிறது. அவருடைய வரிகளை ஒப்பிப்பது அன்பாகலாம், பாதுகாப்பாகாது. உரையாடலை மட்டும் அச்சிட்டாலும் போதாது. எந்த நாடகம் எந்த ஆண்டு எந்த அரங்கில் முதலில் ஏறியது, யார் யார் நடித்தார்கள், பின்வந்த ஆண்டுகளில் எந்த வரி மாறியது, ஏன் மாறியது, நடிகர் எங்கே நின்றார், எந்தக் கதவு வழியே வந்தார் என்ற மேடைக்குறிப்புகளோடு பதிப்பிக்க வேண்டும். ஆள்மாறாட்ட நாடகத்தில் கதவு ஒரு பாத்திரம். அவரோடு நடித்தவர்களின் நினைவுகளை இப்போதே பதிவு செய்தாக வேண்டும்; நாளை என்பது நம் கையில் இல்லை. பம்மலுக்கும் தேவனுக்கும் பின் மோகனை வைத்து ஒரு தமிழ் நகைச்சுவை நாடக வரலாறு எழுதப்பட வேண்டும். அதை எழுதுபவர் மோகனைக் கடுமையாகவே மதிப்பிடட்டும். முழு நாடகத்தைப் பார்த்துவிட்டு, அல்லது படித்துவிட்டு மதிப்பிடட்டும். அதுவரை ‘துணுக்குத் தோரணம்’ என்ற சொல்லைத் தீர்ப்பாக ஏற்க நாம் மறுக்கிறோம்.