அறிதுயில் பழம்பிறப்பிற்குச் சான்றாமோ?

ஹிப்னாடிசம் என மேனாட்டார் வழங்கும் அறிதுயிலில் ஒருவரை ஆழ்த்தி, அவர் வாயானே முற்பிறப்பு வரலாற்றைச் சொல்விப்பதாகக் கூறிப் பொருளீட்டுவார் இந்நாளிற் பலராயினர். ‘மறுபிறப்பு உண்டென்னும் நம் கொள்கைக்கு இதனினும் சிறந்த சான்று யாது?’ எனச் சைவருள்ளும் சிலர் மகிழ்கின்றனர். அம்மகிழ்ச்சி தகாதென்பதே எம் கருத்து.

அறிதுயில் முழுதும் பொய்யென்பது எம் வழக்கன்று. குளோரோபாரம் வழக்கிற்கு வருமுன்னரே, 1845-ஆம் ஆண்டில், வங்காளத்து ஹூக்ளியில் எஸ்டெயில் என்னும் ஸ்காட்லாந்து மருத்துவர் நோயாளரை இம்முறையாற் துயிலச்செய்து பெருங்கட்டிகளை நோவின்றி அறுத்தெடுத்தார். மறைமலையடிகளும் இதற்கு அறிதுயில் எனவே பெயரிட்டு நூலியற்றினார். நோவு தணித்தற்கு மருத்துவர் சிலர் இன்றும் இதனைக் கையாளுகின்றனர். ஆயின், நோவை மறப்பித்தல் வேறு. மறந்ததை உள்ளவாறு நினைப்பித்தல் வேறு. முன்னது கைகூடினமையாற் பின்னதும் கைகூடுமெனல் பொருந்தாது.

1952-ல் அமெரிக்க நாட்டுக் கொலராடோவில் வணிகர் ஒருவர் ஒரு பெண்மணியை இவ்வாறு துயிற்றி வினவ, தாம் 1798-ல் அயர்லாந்திற் பிறந்த பிரைடி மர்பி என அவர் உரைத்தார். அவ்வரலாறு 1956-ல் நூலாய் வெளிவந்து பெரிதும் விலைபோயிற்று. அயர்லாந்திற் தேடினோர்க்கோ, அப்பெயரினாள் அங்ஙனம் வாழ்ந்தாளென நிறுவும் பதிவு யாதும் கிடைத்திலது. அறிதுயிலில் எழும் நினைவுகள் புனைவொடு கலப்பனவென்றும், இயல்பான நினைவினும் நம்பத்தகும் தன்மை குன்றியனவென்றும் 1985-ல் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் குழு கண்டுரைத்தது.

இதன் காரணம் சித்தாந்திகட்குப் புதிதன்று. உயிர் சார்ந்ததன் வண்ணமாவது. ‘பிறப்பிற்கு முன்னே செல்க, ஆண்டு என் காண்கின்றாய்?’ எனத் துயிற்றுவோன் வினவியபொழுதே, காண்டற்குரியதொன்று உண்டென உணர்த்திவிட்டான். துயில்வோன் அறிவு அக்குறிப்பைச் சார்ந்து, கேட்டவும் கற்றவுமாகியவற்றால் அதனை நிரப்புகின்றது. இது திரிபுணர்ச்சி, காட்சியளவை அன்று.

அற்றேல், அதனாற் சிலர்க்கு அச்சமும் துயரும் நீங்கினவே எனின், ஆறுதல் தருவனவெல்லாம் உண்மையாகா என்க. தன்னை நம்பித் தன் உள்ளத்தையே ஒப்படைத்தவன்பால் நிகழாததொன்றை நினைவாக நட்டுவிடுதல் பெருந்தீங்காம். விழித்த பின்னும் அவன் அதனைத் தன் அநுபவமென்றே கொள்வன். அதன்வழி உற்றார்மேற் பழி சுமத்தவும் கூடும்.

மறுபிறப்பை நம் ஆசிரியர் உயிர்கள்பாற் காணும் இன்பதுன்ப வேறுபாடு கொண்டு கருதலளவையானும், ஆகம உரையளவையானும் நிறுவினர். கல்மேற் கட்டிய அம்மனைக்கு உளுத்த மரத்தால் முட்டுக்கொடுப்பது எற்றுக்கு? அம்முட்டு முறியும்பொழுது மனையே சரிந்ததெனப் பிறர் நகுவரன்றே! ஆதலின், சைவ அன்பர்காள், அறிதுயிலை நோய் தீர்க்கும் மருத்துவர் கையில் விடுக; அளவைகளுள் அதற்கு இடந்தாரற்க.