மானியம் மீட்டரோடு நின்றுவிடுகிறது

இரண்டு மாதங்களுக்கு 100 யூனிட் மின்சாரம் இலவசம் என்ற உத்தரவு 2016 மே 23 அன்று, ஜெயலலிதா மீண்டும் முதலமைச்சராகப் பொறுப்பேற்ற நாளிலேயே கையெழுத்தானது. பிறகு ஆட்சி மாறியது, கட்டணம் ஏறியது, மின்வாரியத்தின் பெயரே மாறியது. அந்த 100 யூனிட்டில் மட்டும் யாரும் கைவைக்கவில்லை. நல்லதுதான். ஆனால் இந்தச் சலுகை யாருடைய பெயரில் பதிவாகிறது என்று யோசித்தால் ஒரு கோளாறு தெரியும். இலவசம் மின் இணைப்புக்குத் தரப்படுகிறது. அந்த இணைப்புக்குப் பின்னால் எத்தனை குடும்பங்கள், எந்த வருமானத்தில் இருக்கின்றன என்று கணக்கு கேட்பதில்லை. சமையல் எரிவாயுவிலும் இதே கதை. ஏழைக் குடும்பத்தின் விளக்குக்கும் அடுப்புக்கும் அரசு தரும் உதவி, இணைப்பு எண்ணை விட்டு நகர்ந்து குடும்ப அட்டையைப் பின்தொடர வேண்டும் என்பதே நமது நிலைப்பாடு. அதற்கான காரணங்களை விருதுநகர் மாவட்டத்தைவிடத் தெளிவாகக் காட்டும் இடம் தமிழகத்தில் குறைவு.

சிவகாசி, திருத்தங்கல், சாத்தூர் பக்கத்துக் காம்பவுண்டு வீடுகளை எடுத்துக்கொள்வோம். வாசலில் ஒரு மின்வாரிய மீட்டர், வீட்டுக்காரர் பெயரில். உள்ளே வரிசையாகக் குடித்தனங்கள். ஒவ்வொன்றின் நிலைக்கு மேலேயும் வீட்டுக்காரரே வாங்கி மாட்டிய சப் மீட்டர். தனித்தனி இணைப்பு கொடுத்த காம்பவுண்டுகளும் உண்டு, கொடுக்காதவை ஏராளம். 2024 ஜூலையில் உயர்ந்த கட்டணப்படி கணக்குப் போட்டுப் பார்க்கலாம். தனி இணைப்புள்ள ஒரு குடும்பம் இரண்டு மாதத்தில் 200 யூனிட் செலவழித்தால், முதல் நூறு இலவசம், அடுத்த நூறுக்குப் பாதிவிலையாக யூனிட்டுக்கு 2.35 ரூபாய், ஆக 235 ரூபாய். அப்படி மூன்று குடும்பங்கள் என்றால் 705 ரூபாய். அதே மூன்று குடும்பங்களும் ஒரே மீட்டருக்குள் இருந்தால் கணக்கு 600 யூனிட் ஆகிறது. 500 யூனிட்டைத் தாண்டியதும் பாதிவிலைச் சலுகை போய்விடுகிறது, 4.70, 6.30, 8.40 என்று படிப்படியாக ஏறிக் கட்டணம் 2,880 ரூபாயில் நிற்கிறது. அதே மின்சாரம், அதே மின்விசிறிகள், நான்கு மடங்கு கட்டணம். இதற்கு மேல் வீட்டுக்காரர் யூனிட்டுக்கு எட்டு ரூபாய், பத்து ரூபாய் என்று ஒரே விலையாக வசூலித்தால், 200 யூனிட் செலவழித்த குடும்பம் 1,600 முதல் 2,000 ரூபாய் வரை கொடுக்கிறது. அரசு ஏட்டில் அந்தக் காம்பவுண்டுக்கும் 100 யூனிட் இலவசம் போய்ச் சேர்ந்துவிட்டது. யாரிடம் சேர்ந்தது என்பதுதான் கேள்வி.

மறுபக்கம், ஏசி இயந்திரங்கள் மூன்று நான்கு ஓடும் பங்களாவுக்கும் இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம் உண்டு. அந்த வீடு அதற்குக் காசு கொடுப்பதாக இருந்தால் யூனிட்டுக்கு 4.70 வீதம் 470 ரூபாய், ஆண்டுக்கு 2,820 ரூபாய் கட்டியிருக்கும். இந்தத் தொகையை நினைவில் வைத்துக்கொண்டு அடுப்படிக்குப் போவோம். உஜ்வலா திட்டத்தில் இணைப்புப் பெற்ற குடும்பத்துக்கு மத்திய அரசு 2023 அக்டோபரிலிருந்து சிலிண்டருக்கு 300 ரூபாய் மானியம் தருகிறது. 2025-26இல் அது ஆண்டுக்கு ஒன்பது சிலிண்டர்களுக்கு என்று வரையறுக்கப்பட்டது. முழுவதும் வாங்கினால் 2,700 ரூபாய். ஏழைப் பெண்ணின் அடுப்புக்கு ஆண்டு முழுவதும் தரப்படும் உச்சபட்ச உதவியைவிட, வசதியான வீடு கேட்காமலே பெறும் மின்சலுகை 120 ரூபாய் கூடுதல்.

அந்த 2,700 ரூபாயும் சிவகாசி வட்டாரப் பட்டாசுத் தொழிலாளர் குடும்பங்களில் கணிசமானவற்றுக்குக் கிடைக்க வழியில்லை. உஜ்வலா 2016 மே 1 அன்று உத்தரப் பிரதேசத்தின் பலியாவில் தொடங்கியது; வீட்டில் ஏற்கெனவே எரிவாயு இணைப்பு இருக்கக் கூடாது என்பது அதன் அடிப்படை விதி. தமிழ்நாட்டிலோ 2006 முதல் 2011 வரை நடந்த கருணாநிதி ஆட்சியிலேயே ஏழைக் குடும்பங்களுக்கு இலவச எரிவாயு இணைப்பும் அடுப்பும் கொடுக்கப்பட்டன. விறகுப் புகையிலிருந்து பெண்களை மீட்டதில் அந்தத் திட்டத்துக்குப் பெரிய பங்கு உண்டு. பத்தாண்டு கழித்து அதுவே தடையாகிவிட்டது. மாநில அரசிடம் முன்கூட்டி இணைப்பு வாங்கிய ஏழை, டெல்லியின் கணக்கில் பொது நுகர்வோர். 2020ஆம் ஆண்டின் நடுப்பகுதியிலிருந்து பொது நுகர்வோருக்கு வரும் மானியம் வெறும் பெயரளவுக்குத்தான். 2025 ஏப்ரலில் 50 ரூபாய் ஏறியபோது சென்னையில் சிலிண்டர் விலை 868.50 ரூபாய். ஒரே தெருவில், ஒரே ஆலையில், ஒரே கூலிக்கு வேலை பார்க்கும் இரண்டு பெண்களில் ஒருவர் அதில் 300 ரூபாயைத் திரும்பப் பெறுகிறார், மற்றவர் முழு விலையும் கொடுக்கிறார். வேறுபாடு வறுமையில் இல்லை, இணைப்பு எந்த ஆண்டில் வந்தது என்பதில் இருக்கிறது. காசு முடைப்பட்ட மாதத்தில் சிலிண்டர் மூலைக்குப் போகும். கண்மாய்க்கரையில் மண்டிக் கிடக்கும் சீமைக்கருவேல முள்விறகு வீட்டுக்கு வரும். அதற்கு மீட்டரும் கிடையாது, பில்லும் கிடையாது, புகை மட்டும் உண்டு. சிலிண்டருக்கு 100 ரூபாய் மானியம் என்று 2021 தேர்தலில் திமுக கொடுத்த வாக்குறுதி நடைமுறைக்கு வந்திருந்தால் இந்தப் பள்ளம் ஓரளவு நிரம்பியிருக்கும். ஆண்டுகள் பல கடந்தும் அது வரவில்லை.

பட்டாசுத் தொழிலின் காலக்கணக்கு இந்தச் சுமையை இன்னும் கூட்டுகிறது. நாட்டின் பட்டாசில் பத்தில் ஒன்பது பங்கு இந்த வட்டாரத்தில் தயாராகிறது. ஆனால் உழைப்பவரின் கூலி கட்டுக்கணக்கில், வாரக்கணக்கில் வருவது. தீபாவளி முடிந்ததும் ஆலைகள் மூடிக்கிடக்கும். பூஜை போட்டுத் திறந்தாலும் வடகிழக்குப் பருவமழையில் வெடி காயாது, வேலை ஓடாது. விபத்து நடந்தால் ஆய்வு, ஆய்வு வந்தால் கதவடைப்பு. 2018 அக்டோபர் 23 அன்று உச்ச நீதிமன்றம் பேரியம் உப்புக்கும் சரவெடிக்கும் தடை விதித்த பிறகு, நவம்பரில் மூடிய ஆலைகள் அடுத்த மார்ச்சில்தான் திறந்தன. அந்த மாதங்களிலும் மீட்டர் ஓடிக்கொண்டுதான் இருந்தது. கணக்கெடுத்து 20 நாளுக்குள் பணம் கட்ட வேண்டும். தவறினால் பீஸைப் பிடுங்கிவிடுவார்கள், திரும்ப மாட்ட அதற்குத் தனிக் கட்டணம். மருந்து அறைக்குள் மின்விளக்கும் மின்விசிறியும் ஆகாது என்பது பாதுகாப்பு விதி. சித்திரை வெயிலில் தகர, ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்கடியில் பகலெல்லாம் காற்றில்லாமல் உட்கார்ந்து மருந்து செலுத்திவிட்டு வருகிறவருக்கு வீட்டு மின்விசிறி ஆடம்பரம் ஆகாது.

தொழிலை வைத்து மின்சலுகை தருவது தமிழக அரசுக்குப் புதிதல்ல. உழவர்களுக்கு இலவச மின்சாரம் பல்லாண்டுகளாக இருக்கிறது. 2023இல் கைத்தறிக்கு இரண்டு மாதத்துக்கு 300 யூனிட்டாகவும் விசைத்தறிக்கு 1,000 யூனிட்டாகவும் இலவசம் உயர்ந்தது. அருப்புக்கோட்டை, ராஜபாளையம் வட்டார நெசவாளர்கள் அதன் பலனை அறிவார்கள். தறி வீட்டில் இருக்கிறது, ஆகவே சலுகையும் வீட்டுக்குள் வருகிறது. பட்டாசோ வீட்டில் செய்யவே கூடாத தொழில். செய்தால் குற்றம், உயிருக்கும் ஆபத்து. தொழில்வழிச் சலுகை இவர்கள் வீட்டுக் கதவைத் தட்ட வாய்ப்பே இல்லை. கூரையில் சூரியத் தகடு வைத்தால் 78,000 ரூபாய் வரை மானியம் என்று 2024 பிப்ரவரியில் வந்த மத்தியத் திட்டமும் சொந்தக் கூரை உள்ளவருக்கே பயன்படும்.

என்ன செய்யலாம்? முன்னுரிமைக் குடும்ப அட்டையும் அந்தியோதயா அட்டையும் வைத்திருக்கும் ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஆண்டுக்கு ஒரு எரிசக்தி உதவித்தொகையை மாநில அரசு அறிவிக்க வேண்டும். தம் பெயரில் மின் இணைப்பு உள்ளவர்களுக்கு அதைக் கட்டணத்திலேயே கழிக்கலாம். சப் மீட்டரில் குடியிருப்பவர்களுக்குக் குடும்பத் தலைவியின் வங்கிக் கணக்கில் போடலாம். உஜ்வலா மானியம் கிடைக்காத குடும்பங்களுக்குத் தொகை கூடுதலாக இருக்க வேண்டும். இரண்டு தவணையாக, ஒன்றைக் கோடைக்கு முன்பும் மற்றதைத் தீபாவளிக்குப் பிந்தைய மாதத்திலும் கொடுத்தால், பணம் தேவைப்படும் நேரத்தில் கையில் இருக்கும். இதற்கான நிதியின் ஒரு பகுதியை, இரண்டு மாதத்தில் 1,000 யூனிட்டைத் தாண்டும் வீடுகளுக்கு அந்த இலவச 100 யூனிட்டை நிறுத்தித் திரட்டலாம். நடுத்தரக் குடும்பம் எதையும் இழக்காது.

ஏழைகளை அடையாளம் காண்பது நடக்காத காரியம், தகுதி பார்க்கத் தொடங்கினால் தகுதியுள்ளவர்தான் முதலில் விடுபடுவார் என்பது இதற்கு எழும் வலுவான ஆட்சேபம். தமிழ்நாட்டின் அனைவருக்குமான ரேஷன் மரபே இந்த அனுபவத்தில் பிறந்தது. அதைத் தள்ளிவிட முடியாது. அதனால்தான் எல்லோருக்குமான 100 யூனிட்டை எடுத்துவிட்டு இதைக் கொடுங்கள் என்று நாம் சொல்லவில்லை. உச்சியில் இருப்பவர்களை மட்டும் விலக்குவதற்குக் கணினியில் ஏற்கெனவே உள்ள மின் பயன்பாட்டுக் கணக்கே போதும். 2023 செப்டம்பர் 15இல் தொடங்கிய கலைஞர் மகளிர் உரிமைத் தொகைக்கு, ஆண்டுக்கு 3,600 யூனிட்டுக்கு மேல் மின்சாரம் பயன்படுத்தும் குடும்பம் தகுதியில்லை என்று அரசே விதி வகுத்தது. மின் கணக்கைப் பார்த்து ஏழைக்கு ஆயிரம் ரூபாய் மறுக்க முடிகிறது என்றால், அதே கணக்கைப் பார்த்துப் பங்களாவுக்கு 470 ரூபாய் மறுக்க ஏன் முடியாது? 2.67 கோடி மின் இணைப்புகளை ஆதாரோடு இணைக்கச் சொல்லி 2023 பிப்ரவரி வரை மக்களை வரிசையில் நிற்கவைத்ததும் இதே அரசுதான். முன்னுரிமை அட்டைப் பட்டியலில் ஓட்டைகள் உண்டு என்பது உண்மை. பட்டாசு, தீப்பெட்டித் தொழிலாளர் நலவாரிய உறுப்பினர் அட்டையையும் மாற்றுச் சான்றாக ஏற்றால் இந்த மாவட்டத்தில் விடுபடுவோர் வெகுவாகக் குறைவர்.

வாடகைக்குடித்தனத்துக்குத் தனி இணைப்பே வாங்கிவிடலாமே என்பார்கள். விதியில் இடமிருக்கிறது, வீட்டுக்காரரின் ஒப்புதல் கடிதம் வேண்டும், அது கிடைக்காவிட்டால் உறுதிமொழிப் பத்திரமும் கூடுதல் வைப்புத்தொகையும் வேண்டும். அப்படி வாங்கிய குடித்தனம் அடுத்த மாதம் அந்த வீட்டில் இருக்குமா என்பதை விதி சொல்லாது. கர்நாடகம் 2023இல் கிருஹ ஜோதி திட்டத்தைத் தொடங்கியபோது வாடகைதாரரும் தம் ஆதாரையும் குடியிருப்புச் சான்றையும் காட்டி விண்ணப்பிக்கலாம் என்று கதவைத் திறந்துவைத்தது. அமெரிக்காவில் 1981இலிருந்து நடக்கும் குறைந்த வருமானத்தோருக்கான எரிசக்தி உதவித் திட்டம், வருமானத்தைப் பார்த்தே உதவுகிறது. வாடகைக்கு இருப்பவரும் அதில் சேரலாம். நம்மால் முடியாததாக இதில் எதுவும் இல்லை. உதவித்தொகையை வீட்டுக்காரர் வாடகையில் ஏற்றிவிடுவார் என்ற அச்சம் நியாயமானது. சப் மீட்டருக்கு வசூலிக்கும் விலை, அந்த மீட்டருக்கு மின்வாரியம் போட்ட கட்டணத்தின் சராசரியைத் தாண்டக் கூடாது என்று ஒழுங்குமுறை ஆணையம் உத்தரவிட்டு, புகார் கொடுப்பவரின் பெயரை வெளியிடாமல் விசாரித்தால் அதற்கும் கடிவாளம் விழும்.

இது ஆலை முதலாளிகளின் பொறுப்பு, அரசு ஏன் சுமக்க வேண்டும் என்ற வாதமும் உண்டு. நியாயமான கூலியும் போனஸும் ஈ.எஸ்.ஐ.யும் அவர்கள் கடன்தான், அதில் விட்டுக்கொடுக்க ஒன்றுமில்லை. ஆனால் நீதிமன்றத் தீர்ப்பாலும் அரசின் ஆய்வாலும் மழையாலும் ஆலை மூடிக்கிடக்கும் மாதத்தில் கூலியே ஓடாது. அந்த மாதத்து மின்கட்டணத்தை எந்தக் கூலி உயர்வும் அடைக்காது. இலவசம் என்றாலே முகம் சுளிப்பவர்களுக்கு, பங்களாவுக்குப் போகும் 2,820 ரூபாயும் இலவசம்தான் என்பதை நினைவூட்டிவிட்டு மேலே செல்லலாம்.

முழு மாநிலத்துக்கும் ஒரே நாளில் விரிக்க வேண்டியதில்லை. மத்திய அரசின் முன்னேற விழையும் மாவட்டங்கள் பட்டியலில் 2018இலிருந்து இருக்கும் மாவட்டம் விருதுநகர். புள்ளிவிவரம் திரட்டுவது இங்குள்ள நிர்வாகத்துக்குப் பழகிய வேலை. சிவகாசி மாநகராட்சியிலும் சாத்தூர், வெம்பக்கோட்டை வட்டங்களிலும் அடுத்த மின் கணக்கெடுப்புக்கு வரும் ஊழியர், மீட்டரில் எண்ணைக் குறிக்கும்போதே அந்த இணைப்பில் எத்தனை குடித்தனம், எத்தனை சப் மீட்டர் என்ற இரண்டு தகவல்களையும் சேர்த்துக் குறிக்கட்டும். அந்தப் பட்டியலை ரேஷன் கடைப் பதிவேட்டோடு ஒப்பிட்டால், விடுபட்ட குடும்பங்கள் எவை என்று இரண்டே மாதத்தில் மாவட்ட ஆட்சியரின் மேசைக்கு வந்துவிடும். முதல் தவணையை வரும் தீபாவளிக்குப் பிந்தைய மூடல் மாதத்திலேயே கொடுக்கலாம்.