வழக்கை ஊர் மாற்ற டெல்லிவரை போக வேண்டுமா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

கணவன் மனைவி வழக்கு எந்த ஊர்க் குடும்பநல நீதிமன்றத்தில் நடக்க வேண்டும் என்பதை, யார் முந்திக்கொண்டு மனுப் போட்டார் என்பதே பெரும்பாலும் தீர்மானிக்கிறது. இந்து திருமணச் சட்டத்தின் 19ஆம் பிரிவில் 2003இல் செய்த திருத்தத்தால், மனைவி தான் வசிக்கும் ஊரிலேயே வழக்குத் தொடரலாம். நல்ல திருத்தம்தான். ஆனால் திருமணம் நடந்த ஊரிலோ, கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்த ஊரிலோ கணவர் முதலில் மனுப் போட்டுவிட்டால் அதே பெண் எதிர்மனுதாரர் ஆகிவிடுகிறார். வாய்தாவுக்கு வாய்தா அவர்தான் அலைய வேண்டும். போகாவிட்டால் ஒருதலைப்பட்சத் தீர்ப்பு. பின்னர் அவரும் தன் ஊரில் விவாகரத்து மனுப் போட்டால், அதே சட்டத்தின் 21ஏ பிரிவு அதை முதல் மனு இருக்கும் நீதிமன்றத்துக்கு அனுப்பச் சொல்கிறது. கைக்குழந்தையும் வருமானமின்மையும் வழக்குப் போட வரும் பெண்ணுக்குத் தன் ஊரிலேயே வழக்கு நடத்தக் காரணங்கள் என்றால், பதில் சொல்ல அழைக்கப்படும் பெண்ணுக்கும் அவை காரணங்கள்தானே? 1869ஆம் ஆண்டு விவாகரத்துச் சட்டத்தின் கீழ் வரும் கிறிஸ்தவப் பெண்களுக்கோ இந்த 2003 உரிமைகூட இல்லை.

இதற்குத்தான் வழக்கு மாற்ற மனு இருக்கிறதே என்பார்கள். அந்த வழியில்தான் பெரிய அநீதி இருக்கிறது. மாநிலத்துக்குள் மாற்ற உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். மாநில எல்லை குறுக்கிட்டால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் 25ஆம் பிரிவின்படி உச்ச நீதிமன்றம் மட்டுமே மாற்ற முடியும். பெங்களூரில் உள்ள வழக்கைச் சேலத்துக்கு மாற்றக் கேட்கும் பெண், இருநூறு கிலோமீட்டர் போய்வர வசதியில்லை என்று சொல்வதற்கே டெல்லியில் வழக்கறிஞர் வைக்க வேண்டியிருக்கிறது. 2022இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த ஒரு வழக்கில், வேலூரில் இருந்த வழக்கைச் சென்னைக்கு மாற்றக் கேட்ட இளம்பெண்ணுக்குச் சென்னை உயர் நீதிமன்றம் மறுத்துவிட்டது. அவர் டெல்லிவரை போய்த்தான் மாற்றம் பெற்றார். இன்றைய சமூக, பொருளாதாரச் சூழலில் பொதுவாக மனைவியின் வசதியையே பார்க்க வேண்டும் என்று அந்தத் தீர்ப்பு சொன்னது. அதே ஆண்டு நவம்பரில், திருமண வழக்குகளை மாற்றக் கோரும் மனுக்கள் மட்டும் சுமார் 3,000 தேங்கிக் கிடப்பதாக அப்போதைய தலைமை நீதிபதி சந்திரசூட் குறிப்பிட்டார். ஒவ்வோர் அமர்வும் தினமும் பத்து மாற்ற மனுக்களை விசாரிக்க ஏற்பாடானது. நாட்டின் மிக உயர்ந்த நீதிமன்றம் பேருந்துச் செலவையும் குழந்தையின் வயதையும் எடைபோட்டுக்கொண்டிருக்கிறது. கட்சிக்காரர்கள் சாதாரணமாகத் தாங்களே பேசவேண்டும் என்பதற்காக, வழக்கறிஞர் வைப்பதை உரிமையாகத் தராத 1984ஆம் ஆண்டு குடும்பநல நீதிமன்றச் சட்டத்தின் நோக்கத்துக்கே இது எதிரானது.

கணவரை அலைக்கழிக்கச் சில மனைவியர் இந்த வழக்கு மாற்றச் சலுகையைப் பயன்படுத்துகிறார்கள் என்ற வாதத்தை ஒதுக்கிவிட முடியாது. உச்ச நீதிமன்றமே 2006இல் அப்படிக் கவலைப்பட்டு, ஒவ்வொரு மனுவையும் அதனதன் தகுதியில் பார்க்க வேண்டும் என்றது. நோயாளியான கணவரும், குழந்தையைத் தானே வளர்க்கும் கணவரும் இருக்கிறார்கள்; அவர்களுக்கும் இதே உரிமை வேண்டும். ஆனால் தகுதியைப் பார்க்க டெல்லி எதற்கு? யாருக்கு என்ன வருமானம், குழந்தை யாரிடம் இருக்கிறது என்பதெல்லாம் ஜீவனாம்ச மனுவிலேயே குடும்பநல நீதிபதியின் முன் வந்துவிடுகிற விவரங்கள். பொய் சொல்பவரை நேரில் பார்த்துக் கண்டுபிடிக்கும் வாய்ப்பும் அவருக்கே அதிகம்.

காணொலி விசாரணை போதும் என்பது இன்னொரு வாதம். 2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு அந்தப் பக்கம் சாய்ந்தது. அக்டோபரில் மூவர் அமர்வு, இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில், அதை மாற்றியது. மாற்ற மனுவுக்குப் பதிலாகக் காணொலியைத் திணிக்கக் கூடாது, சமரசம் தோற்ற பிறகு குடும்பநல நீதிமன்றமே முடிவு செய்யலாம் என்றது. பெரும்பான்மைத் தீர்ப்பே சரி என்பது என் கருத்து. மூடிய அறையில் பேச வேண்டியதை, பக்கத்து அறையில் உறவினர்கள் இருக்கும் வீட்டிலிருந்து ஒரு பெண் மனம்விட்டுப் பேச முடியாது. அடுத்த தேதி வாங்குவதற்கு மட்டுமான வாய்தாக்களுக்குக் காணொலி தாராளமாகப் போதும். கவுன்சலிங்குக்கும் குறுக்கு விசாரணைக்கும் போதாது.

ஜீவனாம்சம் கேட்கும் மனைவி தான் இருக்கும் ஊரிலேயே கேட்கலாம் என்று குற்றவியல் நடைமுறை ஏற்கெனவே ஒப்புக்கொள்கிறது. 2005ஆம் ஆண்டு குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டமோ தற்காலிகமாகத் தங்கும் ஊரையே போதும் என்கிறது. விவாகரத்து வழக்குக்கு மட்டும் வேறு நியாயம் இருக்க முடியாது. ஆகவே மத்திய சட்ட அமைச்சகம் இந்தச் சட்டங்களைத் திருத்தி, சம்மன் பெற்றவர் தன் ஊர்க் குடும்பநல நீதிமன்றத்திலேயே மாற்ற மனுவைக் கொடுக்கவும், வழக்கு நடக்கும் நீதிமன்றம் குறிப்பிட்ட நாட்களுக்குள் அதை முடிவு செய்யவும் வழி செய்ய வேண்டும். முடிவாகும்வரை ஒருதலைப்பட்சத் தீர்ப்பு கூடாது. மாற்றம் மறுக்கப்பட்டால் போகவர ஆகும் செலவை வழக்குத் தொடர்ந்தவர் ஒவ்வொரு வாய்தாவுக்கும் முன்பே கட்ட வேண்டும். தமிழ்நாட்டு நாடாளுமன்ற உறுப்பினர்கள் வரும் கூட்டத்தொடரிலேயே இதை எழுப்பும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர், சேலம்