இனாமா? பாக்கியா?

தருமபுரியிலிருந்து பென்னாகரம் செல்லும் வழியில், இண்டூர்த் தேநீர்க் கடையில் நாம் உட்கார்ந்திருந்தோம். தீபாவளிக்காக ஓசூரிலிருந்து ஊர் வந்த இளைஞர் ஒருவர், தம் பையைத் திறந்து காட்டினார். ஒரு கிலோ இனிப்பு, ஓர் எவர்சில்வர் டப்பா!

"இதுதாங்க எங்க போனஸ்" என்றார். அதே கொட்டகை, அதே இயந்திரம், அதே எட்டு மணி நேரம். மறுபக்கம் நிற்கும் நிரந்தரத் தொழிலாளிக்குப் பணம், இவருக்கு டப்பா. ஏன்? இவர் காண்டிராக்டர் ஆளாம்! காண்டிராக்டர் ஆளென்றால் அவர் உடலில் வியர்வை சுரக்காதா, அல்லது அவர் வீட்டுப் பிள்ளைக்குப் புதுச்சட்டை கேட்கத் தெரியாதா?

அநீதி சுட்டது, அதைவிட அவர் அடுத்துச் சொன்ன சொல் சுட்டது. "குடுத்தா வாங்கிக்கணும். நாமளா கேக்க முடியுமா?"

தோழர்களே! போனஸ் என்பது முதலாளி மனமிரங்கிப் போடும் பிச்சையல்ல. ஒரு காலத்தில் அப்படித்தான் இருந்தது. முதல் உலகப் போரில் கொள்ளை லாபம் கண்ட பம்பாய் ஆலைகள், 1917-இல் "போர் போனஸ்" என்று கொஞ்சம் கிள்ளிக் கொடுத்தன. பிறகு ஒருநாள் நிறுத்தின. நிறுத்தியபோதுதான் தொழிலாளி கேட்டான். 1924-இல் அதே பம்பாயில் ஆலைச் சக்கரங்கள் நின்றன. கேட்டுக் கேட்டு, நின்று நின்று, நாற்பதாண்டு கழித்து 1965-இல் போனஸ் சட்டம் வந்தது.

"லாபமே இல்லை, போனஸ் எதற்கு?" என்று முதலாளிமார் உச்சநீதிமன்றம் வரை போனார்கள். நட்டக் கணக்கு எழுத ஆளா இல்லை அவர்களிடம்! ஆனால் 1966-இல் நீதிமன்றம், குறைந்தபட்ச போனஸ் செல்லும் என்றே தீர்ப்பளித்தது. அப்போது அது 4 சதவீதம். 1972-இல் 8.33 ஆயிற்று, அதாவது ஆண்டுச் சம்பளத்தில் பன்னிரண்டில் ஒன்று, பதின்மூன்றாவது மாதச் சம்பளம். 1974 மே மாதத்தில் ரயில்வேத் தொழிலாளர் இருபது நாள் வண்டிகளை நிறுத்தியபோது, அவர்கள் கோரிக்கைகளில் போனசும் ஒன்று. சிறைக் கதவுகள் திறந்தன, வேலைகள் பறிபோயின. மறுஆண்டு நெருக்கடி நிலை. வாய்ப்பூட்டுப் போட்ட கையோடு 8.33-ஐ வெட்டி மறுபடி 4 ஆக்கினார்கள்! ஆட்சி மாறிய 1977-இல் அது திரும்பியது. ரயில்வேக்காரருக்கு 1979-இல் போனஸ் கிடைத்தது.

இந்த உரிமை இப்போது 2019-ஆம் ஆண்டின் ஊதியச் சட்டத் தொகுப்பில் இருக்கிறது. இருபது பேர் வேலை செய்யும் நிறுவனம், ஆண்டில் முப்பது நாள் உழைத்த ஆள், 8.33-க்குக் குறையாமல் 20 சதவீதம் வரை. கணக்கு முடிந்த எட்டு மாதத்துக்குள் கொடுத்தாக வேண்டும். காண்டிராக்டர் கைவிரித்தால் நிறுவனத்தின் உரிமையாளரே பொறுப்பு.

இங்கே ஒரு சூழ்ச்சியையும் சொல்லிவிடுகிறோம். பல இடங்களில் சம்பளம் எவ்வளவானாலும் மாதம் 7,000 ரூபாய் என்றே போனஸ் கணக்குப் போடுகிறார்கள். 2015-ஆம் ஆண்டுத் திருத்தம் சொன்னது அதுவன்று. 7,000 அல்லது குறைந்தபட்ச ஊதியம், இரண்டில் எது அதிகமோ அது! பாதி வாக்கியத்தைப் படித்துவிட்டுப் பெட்டியைப் பூட்டுகிறார்கள். அந்த மீதிப் பாதியைப் படித்துக் காட்டுவது சங்கத்தின் வேலை. இதைச் செய்யாத சங்கத்துக்குச் சந்தா எதற்கு?

கோரிக்கை மனு கொடுக்க மூன்றாண்டு அவகாசம் உண்டு. தொழிலாளி தனியாகப் போக அஞ்சினால், அவர் உறுப்பினராக உள்ள பதிவு பெற்ற சங்கமே மனுக் கொடுக்கலாம். பணம் கொடுத்தோம் என்று மெய்ப்பிக்க வேண்டியது முதலாளி. கொடுக்கவில்லை என்று இவர் மெய்ப்பிக்க வேண்டியதில்லை.

இதையெல்லாம் அந்த இளைஞரிடம் சொன்னோம். தேநீர் ஆறிப் போயிற்று. "கேட்டா நாளைக்கு கேட்டுக்குள்ள விடமாட்டாங்களே" என்றார். பொய்யான அச்சமா அது? இல்லை. அதனால்தான் ஒருவர் கேட்கக் கூடாது என்றோம். உங்கள் காண்டிராக்டரிடம் எத்தனை பேர் என்று கேட்டோம்.

விரல் விட்டு எண்ணத் தொடங்கினார். "நாப்பத்திரண்டு பேருங்க. அதுல ஆறு பேரு நம்ம இண்டூர்தான்" என்றவர், டப்பாவைப் பைக்குள் திணித்துவிட்டு, அந்த ஆறு பேரில் ஒருவர் வீட்டைக் காட்ட எழுந்தார்.