பெட்டிகளைத் திறவுங்கள், சாட்சியங்களைப் பதியுங்கள்!

கரவெட்டியில் ஒருவர் கண்மூடினால் ஊரே திரண்டு அவரை வழியனுப்புகிறது. எட்டுச் செலவு, முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி, வந்தோர் கையில் இறந்தவரின் வாழ்வைக் கூறும் கல்வெட்டு நூல். துயரத்துக்கு நம் முன்னோர் இட்ட கரை அது.

ஆனால், போனவன் திரும்பாத வீட்டில் எந்தச் சடங்கை நடத்துவது? 1987 மே மாதம் வடமராட்சியிற் படை புகுந்த நாள் தொட்டு, 2009 இல் போர் முடியும்வரை, இம்மண்ணிற் காணாமற் போனோர் எத்தனை பேர்! அவர்தம் தாய்மாருக்கு அந்தியேட்டியும் இல்லை, கல்வெட்டும் இல்லை. றங்குப் பெட்டியில் மடித்து வைத்த ஒரு சட்டையும், ஒரு பள்ளிக் கொப்பியுமே உண்டு.

"பழையதை மறந்து இழப்பீட்டைப் பெறுங்கள்" என்போர் உளர். அவர்களுக்கு நாம் கூறுவோம்: அத்தாய் கேட்பது பணமன்று, மகன் என்ன ஆனான் என்னும் விடையே. 2016 இல் சட்டமியற்றிக் காணாமற்போனோர் அலுவலகத்தை அமைத்தது அரசு. பெரும்பாலோர்க்கு அவ்விடை இன்னும் கிட்டவில்லை.

அச்சட்டை வெறும் நினைவுப் பொருள்தானா? செம்மணியைப் பாருங்கள்! நூற்றுக்கணக்கானோர் அங்கே புதைக்கப்பட்டதாக 1998 இல் நீதிமன்றிற் சொன்னவன், கொலைக்குற்றத்திற் தண்டிக்கப்பட்ட படைவீரன் ஒருவன். 1999 இல் தோண்டியபோது 15 உடல்கள் கிடைத்தன. 2025 இல் அங்கே சித்துப்பாத்தி மயானத்தில் இருநூறுக்கும் மேற்பட்ட எலும்புத் தொகுதிகள் வெளிப்பட்டன. குழந்தையின் புத்தகப் பையும் விளையாட்டுப் பொம்மையும் உடன் வந்தன. ஆகஸ்ட் 5 ஆம் நாள், அடையாளங் காண்பதற்காக, நீதிமன்றின் கட்டளைப்படி அப்பொருள்கள் மக்கள் முன் வைக்கப்பட்டன.

மண்ணிலிருந்து வந்த துணிக்கு நாவில்லை. "இத்தையல் என் கைத்தையல்" என்று சொல்லத் தாய் வேண்டும். அத்தாய்மாரோ முதுமையெய்தி, விடை காணாமலே ஒவ்வொருவராய் மறைகின்றனர். அவர்களோடு சாட்சியமும் சாம்பலாகிறது!

ஆகவே, கரவெட்டியின் ஆசிரியர்களையும் சனசமூக நிலையத்தாரையும் இளைஞரையும் வேண்டுகிறோம். வீடு வீடாகச் செல்லுங்கள். இறுதியாக உடுத்திருந்த உடை எது, செருப்பு எத்தகையது, எலும்பு முறிந்ததுண்டா, பல் விழுந்ததுண்டா எனக் கேட்டு எழுதுங்கள். பேணி வைத்த பொருள்களைப் படம் பிடியுங்கள். விருப்பமில்லாதாரை வற்புறுத்தாதீர்கள்.

அரசுக்கும் ஒரு சொல்: பெற்றோர் உயிருடன் இருக்கும்போதே மரபணு மாதிரிகளைப் பெற்று, கிடைத்த எலும்புகளோடு ஒப்பிடுங்கள். புதிய குழுக்களை அமைத்துக் காலங் கடத்துவது நீதியாகாது. பெயரறியா எலும்புக்குப் பெயர் கிடைக்கும் நாளிலேதான், அத்தாய் தன் மகனுக்கு அந்தியேட்டி செய்ய முடியும்.